கறுப்புக் கரையில் ஒரு சாம்பல் இழை

போன கிழமை, கடைக்கு வேலை பழக வந்த பிள்ளைகள் நீங்கள் என் கைவேலை எதையாவது காட்டும்படி கேட்டீர்கள். எனக்குச் சிரிப்பு வந்தது. முப்பத்தாறு வருடமாகக் கிழிந்ததையும் எரிந்ததையும் எலி கடித்ததையும் அடைத்தவள் நான். அவற்றில் ஒன்றைக்கூட உங்களுக்குக் காட்ட முடியாது. ஓட்டை இருந்த இடம் தெரிந்தால் அது வேலையே இல்லை. கொழும்பில் எத்தனையோ அலுமாரிகளில் என் வேலை மடித்து வைக்கப்பட்டிருக்கிறது. உடுத்துகிறவர்களுக்கே அது எந்த இடம் என்று தெரியாது. இதைச் சொல்லும்போது எனக்குத் தலைக்கனம் வருகிறது. வரட்டும், உழைத்துச் சம்பாதித்த தலைக்கனம்தானே.

ஆனால் கண்ணுக்குத் தெரியும்படி நான் விட்ட வேலை ஒன்று உண்டு. அரை விரல் நீளம்தான். அது அமெரிக்காவில் ஒரு வீட்டில் இருக்கிறது. என் வேலைகள் எல்லாவற்றிலும் எனக்குப் பெருமை அதிகம் அதில்தான். ஊசியை எப்படிப் பிடிப்பது, இழையை எப்படிச் சேர்ப்பது என்பதை மேசைக்கு மேசை உங்களுக்குக் காட்டித்தர ஆள் இருக்கிறது. நான் அந்த அரை விரலைப் பற்றிச் சொல்கிறேன்.

முதலில், ஒரு பிஸ்கட் டின். நான் வேலைக்குச் சேர்ந்த வருடம், வெள்ளவத்தையில் இருந்த ஒரு டாக்டரின் மனைவியுடைய சால்வை என்னிடம் வந்தது. நைந்துபோன சிவப்பு இழைகளை இழுத்தெடுத்து, கூட்டி, குப்பையில் போட்டுவிட்டு ஊசியை எடுத்தேன். அந்தச் சிவப்பு எந்தக் கடையிலும் கிடைக்காது என்று பிறகுதான் விளங்கியது. கடைக்குப் பின்னால் குப்பைத் தொட்டியில் காகங்களோடு சண்டை பிடித்து என் இழைகளைப் பொறுக்கினேன். அன்றிலிருந்து, ஒரு துணியில் இருந்து எது வெளியே வந்தாலும் கடதாசியில் சுற்றி அந்த டின்னில் போடுவேன். துணி கடையை விட்டுப் போகும்வரை அதுவும் போகாது. பக்கத்து மேசைச் சோமாவுக்கு இது பெரிய பகிடி. "கொட்டாஞ்சேனை அக்கா செத்த நூலைப் புதைக்கச் சவக்காலை வெச்சிருக்கா" என்று எல்லோரிடமும் சொல்லித் திரிவாள்.

இனி விஷயத்துக்கு வருகிறேன். இரண்டாம் உலக யுத்த காலம். எங்கள் கடை கொள்ளுப்பிட்டியில், காலி வீதியில் கடலைப் பார்த்த பக்கம். முதலாளி மாளிகாவத்தைக்காரர். நல்ல மனிதர், வாய்தான் கொஞ்சம் நீளம்; 'இருக்கு' என்பது அந்த வாயில் 'ஈக்கி' என்று வரும். "நாங்கள் தைத்த இடத்தைக் கண்டுபிடித்தால் காசு வேண்டாம்" என்று இங்கிலீஷில் ஒரு பலகை எழுதி வாசலில் மாட்டியிருந்தார். அந்தப் பலகை என் கையை நம்பித்தான் தொங்கியது. அதுவும் எனக்குத் தெரியும், அவருக்கும் தெரியும்.

ஒரு திங்கட்கிழமை காலை, வெயிலில் சிவந்த ஓர் அமெரிக்க இராணுவ அதிகாரி உள்ளே வந்து, ஒரு கம்பளிப் போர்வையை என் மேசையில் விரித்தார். முகாமில் எலி கடித்து நடுவில் உள்ளங்கை அகலத்துக்கு ஓட்டை. அவருடைய நாட்டின் மேற்கே, வறண்ட நிலத்தில் வாழும் நவஹோ மக்களில் ஒரு பெண் நெய்தது என்றார். வெள்ளிக்கிழமை கப்பல் ஏறி ஊருக்குப் போகிறாராம். போவதற்குள் ஓட்டையை அடைத்துத் தர வேண்டும்.

அவர் போன பிறகு ஒரு மணித்தியாலம் நான் ஊசியைத் தொடவில்லை. பார்த்துக்கொண்டே இருந்தேன். சாம்பல் நிலம், அதில் படிக்கட்டுப் போல ஏறி இறங்கும் வெள்ளையும் சிவப்பும், சுற்றிவர நாலு விரல் அகலத்தில் கறுப்புக் கரை. படம் வரைந்து வைத்துக்கொள்ளாமல், நிமிர்த்தி நட்ட தறியின் முன்னால் நிலத்தில் அமர்ந்து, மனதில் இருப்பதை அப்படியே நெய்வார்களாம். இந்தப் பக்கப் படிகளை அந்தப் பக்கப் படிகளோடு எண்ணிப் பார்த்தேன். ஓர் இழைகூடப் பிசகவில்லை. கன்னியர் மடத்தில் றேந்தை, அதுதான் லேஸ், பின்னிப் பரிசு வாங்கியவள் நான். என் வாழ்க்கையில் முதல் தடவையாக ஒருத்தியைப் பார்த்துப் பொறாமைப்பட்டேன்.

"மகள், நாலு நாள்தான் ஈக்கி. ஏலுமா?" என்றார் முதலாளி.

"ஏலும் முதலாளி. சாம்பல் கம்பளி நூலுக்குத்தான் எங்க போறதெண்டு தெரியேல்லை."

யுத்த காலத்தில் கொழும்பில் கம்பளி நூல் தேடுவது சும்மா காரியமா? முதலாளி தாடியைத் தடவினார். "ஊட்டுல நுவரெலியா போகக்குள்ள குளிருக்குப் போடுற சாம்பல் சால்வை ஒண்டு ஈக்கி. பொஞ்சாதிக்கிட்ட செல்லாம கொண்டு வாறன்" என்றார். அப்படியே கொண்டும் வந்தார். அந்த அம்மா அந்தச் சால்வையைத் தேடிய கதை வேறு கதை.

வியாழன் பின்னேரம் ஓட்டை இருந்த இடம் எனக்கே தெரியவில்லை. கையில் நேரம் மிச்சம். இங்கேதான் பிள்ளைகளே, கவனமாகக் கேளுங்கள். வேலை தெரியாதவளுக்கு வரும் ஆபத்து வேறு. வேலை தெரிந்தவளுக்கு ஆபத்து வருவது நேரம் மிஞ்சும்போதுதான்.

போர்வையின் மேல் மூலையில், கறுப்புக் கரையைக் குறுக்கே கடந்து ஒரு மெல்லிய சாம்பல் இழை ஓடியது. உள்ளே இருந்த சாம்பல் நிலத்தில் தொடங்கி, நேரே போய், வெளி ஓரத்தில் முடிந்தது. முதல் நாளே அதைக் கண்டிருந்தேன். பாவம், இவ்வளவு கெட்டிக்காரிக்கும் கடைசியில் கை தப்பிவிட்டதே என்று நினைத்தேன். அதில் எனக்கு ஒரு சின்னச் சந்தோஷமும் இருந்தது, அதையும் மறைக்கமாட்டேன். அவள் பிழையை நான் திருத்தப் போகிறேன் அல்லவா.

நான் கறுப்பு நூலைக் கோப்பதைச் சோமா பார்த்துவிட்டாள். "அக்கே, அது எதுக்கு? அவர் கேக்கல்ல தானே."

"கேக்காட்டி என்ன? ஒரு பொம்பிளையின்ர பிழையை இன்னொரு பொம்பிளை மறைச்சு விடுறதில என்ன குறைஞ்சு போகுது?"

அந்தச் சாம்பல் இழை இறுகி இருந்தது. இழுக்க இலகுவாக நடுவில் கத்தரித்து, இரண்டு துண்டாக எடுத்தேன். பழக்கதோஷம், கடதாசியில் சுற்றி டின்னில் போட்டேன். அந்த இடத்தில் கறுப்பை ஓட்டினேன். கரை முழுசாகிவிட்டது. அன்று பஸ்ஸில் கொட்டாஞ்சேனை வரைக்கும் எனக்குள் பாட்டுத்தான்.

வெள்ளிக்கிழமை இரண்டு மணிக்கு அதிகாரி வந்தார். ஐந்து மணிக்குத் துறைமுகத்தில் இருக்க வேண்டும் என்றார். போர்வையை யன்னல் வெளிச்சத்தில் பிடித்து ஓட்டையைத் தேடினார். திருப்பிப் பார்த்தார். விரலால் தடவினார். கிடைக்கவில்லை. வாய்விட்டுச் சிரித்தார். முதலாளி வாசல் பலகையைக் காட்டினார். நான் மேசையைப் பார்த்தபடி அடக்கமாக நின்றேன், உள்ளே குதித்துக்கொண்டு.

போர்வையை மடிக்கப்போனவர் சட்டென்று நின்றார். ஒரு மூலையைப் பார்த்தார். மற்ற மூன்று மூலைகளையும் திருப்பிப் பார்த்தார். முகத்தில் இருந்த சிரிப்பு போய்விட்டது.

"இங்கே ஒரு கோடு இருந்ததே" என்றார்.

முதலாளி முந்திக்கொண்டு, அது ஏதோ கறை, கழுவும்போது போயிருக்கும் என்று இங்கிலீஷில் தொடங்கினார். அந்தப் பொய் முழுசாக வெளியே வருவதற்குள் நான் வாயைத் திறக்காவிட்டால், பிறகு திறக்கவே முடியாது என்று எனக்குப் பட்டது. "நான்தான் எடுத்தேன். யாரும் கேட்கவில்லை. பிழை என்று நினைத்தேன்" என்றேன்.

அவர் கத்தவில்லை. கதிரையில் போய் உட்கார்ந்தார். அவர் கத்தியிருந்தால் எனக்குக் கொஞ்சம் ஆறுதலாக இருந்திருக்கும்.

அவர் சொன்னதைத் தமிழில் சொல்கிறேன். அவருடைய தகப்பன் அந்த மக்களின் நிலத்தில் கடை வைத்திருந்தவர். தாய் சின்ன வயதிலேயே இறந்துவிட்டார். கடைக்குப் பின்னால் அந்தப் பெண்ணின் தறி இருந்தது, இவர் வளர்ந்தது அந்தத் தறியின் பக்கத்தில்தான். யுத்தத்துக்குப் புறப்பட்டபோது அந்த அம்மா இந்தப் போர்வையை இவர் தோளில் போட்டு, "கொண்டு போ, திரும்பக் கொண்டு வா" என்று மட்டும் சொன்னாராம். அந்த அம்மாவின் பெயரையும் சொன்னார். என் வாய்க்கு அது சரியாக வரவில்லை. அரைகுறையாகச் சொல்லி அதைக் கெடுக்க எனக்கு மனமில்லை. என் வாழ்நாளில் எனக்குப் பாடம் சொன்னவர்களில் பெயர் சொல்ல முடியாதவர் அவர் ஒருவர்தான்.

அந்தக் கோடு ஒரு வழி என்றார். நெய்யும்போது மனம் முழுவதும் துணிக்குள் போய்விடும். சுற்றிவரக் கரை கட்டி மூடிவிட்டால் உள்ளே போனது உள்ளேயே நின்றுவிடும், அடுத்ததை நெய்ய மனம் இருக்காது. அதனால் மனம் வெளியே வருவதற்கென்று மூலையில் ஒரே ஓர் இழையை வெளி ஓரம்வரை ஓட விடுவார். நவஹோக்கள் எல்லோரும் அப்படி விடுவதில்லையாம், விடுகிறவர்களும் ஆளுக்கொரு காரணம் சொல்வார்களாம். அந்த அம்மா சொன்ன காரணம் இது. அயலில் வாழும் ஸூனி மக்களின் தண்ணீர்ப் பானை ஒன்று இவர் வீட்டில் இருக்கிறதாம். அதன் கழுத்தைச் சுற்றி வரைந்த கோடும் ஓரிடத்தில் மூடாமல் நிற்குமாம்.

"அந்த அம்மாவுக்கு இப்போது கண் தெரியாது. விரலால்தான் பார்க்கிறார்" என்றார். "நான் போய் இறங்கியதும் அவர் கை முதலில் போகிற இடம் இந்த மூலைதான்."

சொல்லிக்கொண்டே சட்டைப் பையில் இருந்து ஒரு சின்னக் கல் கரடியை எடுத்து மேசையில் வைத்தார். ஸூனிக்காரர் ஒருவர் செதுக்கியது. அதன் முதுகில் ஒரு கற்சில்லை அழுக்குப் பிடித்த நாரால் கோணலாகக் கட்டியிருந்தது. என் கை தானாகவே அந்த முடிச்சை நேராக்கப் போனது. பாதி வழியில் இழுத்துக்கொண்டேன். ஒரு நாளைக்கு ஒரு தடவை புத்தி கெட்டது போதும்.

முதலாளி என்னை யன்னல் பக்கம் கூப்பிட்டார். "மகள், சால்வை நூல் மிச்சம் ஈக்கி தானே. அதைப் போட்டுக் குடுங்க, பத்து நிமிசம். நீங்க போட்டா ஆருக்கும் தெரியாது. கண் தெரியாத மனிசிக்கு என்ன வெளங்கப் போகுது?"

அவர் சொன்னது நடக்கக்கூடியதுதான். என் கையால் போட்டால் அதிகாரிக்கும் தெரியாது. ஆனால் அது என்னுடைய வழியாக இருக்கும், அந்த அம்மாவுடையதாக இருக்காது. கண் தெரியாத ஒருவருக்கு இவர் ஒரு பொய்யைச் சுமந்து போவார், சுமப்பது பொய் என்றும் அவருக்குத் தெரியாது. டின்னைத் திறந்தேன். கடதாசிக்குள் இரண்டு துண்டும் இருந்தன.

"அவவின்ர நூல் இருக்கு முதலாளி. அதைத்தான் திரும்ப வைப்பன்."

"ஒட்டுத் தெரியுமே புள்ள! பலகையில என்ன எழுதி ஈக்கி?"

"ஒரு மணித்தியாலத்துக்குப் பலகையைத் திருப்பி வையுங்கோ."

நான் அவரிடம் அப்படிக் கதைத்தது அதுதான் முதல் தடவை. அவர் என் முகத்தைப் பார்த்துவிட்டு வாசலுக்குப் போனார். போய், பலகையை உண்மையாகவே திருப்பி வைத்தார் என்று சோமா பிறகு சொன்னாள்.

நான் போட்ட கறுப்பை நானே உருவினேன். நல்ல வேலையைப் பிரிப்பது கெட்ட வேலையைப் பிரிப்பதைவிடக் கஷ்டம் என்று அன்று தெரிந்துகொண்டேன். பிறகு உள்பக்கத்தில் இருந்து ஒரு துண்டு, வெளி ஓரத்தில் இருந்து மற்றது. நடுவில் இரண்டும் சந்திக்க வேண்டும். சந்திக்கவில்லை. நான் கத்தரித்து இழுத்ததில் நுனிகள் நைந்து உதிர்ந்திருந்தன. அரை விரல் குறைந்தது.

மணி நாலாகப் போனது. மேசையில் அந்தக் கரடி. எதிரே கதிரையில் அதிகாரி, கடிகாரத்தைப் பார்க்காமல் இருக்கப் பாடுபட்டுக்கொண்டு. ஊசி இரண்டு தடவை இழையைத் தவறவிட்டது. அவசரத்தில் ஊசி தவறாது என்று உங்களிடம் யாராவது சொன்னால் நம்பாதீர்கள். தவறும். அந்த நேரம் ஊசியைக் கீழே வைத்துவிட்டு, இந்த வேலை எதற்காக என்று உங்களையே கேளுங்கள். நான் கேட்டேன். அழகாக இருப்பதற்கா? இல்லை. வெளி ஓரம்வரை போவதற்கு. பாதியில் நிற்கிற வழி மூடிய வழிதான்.

எழுந்து அதிகாரியிடம் போனேன். "அவருடைய நூல் அரை விரல் குறைகிறது. நடுவில் என்னுடைய நூல் வர வேண்டும். நிறம் ஒரு சாயல் மாறும், தடிப்பும் மாறும். அவர் விரலுக்குத் தெரியும். நான் மறைக்கப் போவதில்லை" என்றேன்.

அவர் மேசையில் கிடந்த மூலையை எட்டிப் பார்த்தார். "வழி போய்ச் சேருமா?" என்று கேட்டார்.

"சேரும்."

"அப்படியென்றால் செய்யுங்கள்."

முதலாளி வீட்டு அம்மாவின் நுவரெலியாச் சால்வை நூல் அரை விரலுக்கு அந்தக் கறுப்புக் கரையில் ஓடியது. இந்தப் பக்கம் நெய்தவரின் இழை, நடுவில் என்னுடையது, அந்தப் பக்கம் மறுபடி நெய்தவரின் இழை. நாலரைக்கு முடித்தேன். அதிகாரி மூலையில் பெருவிரலை வைத்து மெல்ல நகர்த்தினார். நடுவில் நின்றார். "இது நீங்கள்" என்றார். தொப்பியைக் கழற்றி எனக்கு வணக்கம் சொல்லிவிட்டு, போர்வையைத் தோளில் போட்டுக்கொண்டு வெளியே போனார்.

அன்றைக்கே முதலாளி பலகையை மறுபடி திருப்பி மாட்டினார். மறுநாள் என் மேசைக்கு வந்தார். "பொய் செல்லப் போனது என்ட புத்தி" என்றார். அவ்வளவுதான். அவர் வாய் நீளம் என்றேன், நெஞ்சு அதைவிடப் பெரிது.

அன்று என் மண்டையில் ஏன் ஏறவில்லை என்று நான் பல தடவை யோசித்த ஒன்றை இப்போது சொல்கிறேன். அந்தக் கோடு நேராக இருந்தது. சரியாக உள் நிலத்தில் தொடங்கி, சரியாக வெளி ஓரத்தில் முடிந்தது. தவறு அவ்வளவு ஒழுங்காக வராது. எண்ணூறு இடத்தில் பிசகாத ஒருத்தி ஓரிடத்தில் பிசகினால், முதலில் சந்தேகப்பட வேண்டியது அவள் கையை அல்ல, என் கண்ணை. தெரியாத ஊர் வேலை உங்கள் மேசைக்கு வரும்போது, உங்களுக்கு விளங்காத இடத்தைத் தொடுவதற்கு முன் கேளுங்கள். கேட்க ஆள் இல்லாவிட்டால் விட்டுவிடுங்கள்.

யுத்தம் முடிந்து சில மாதம் கழித்து, "யன்னல் மேசையில் இருக்கும் பெண்ணுக்கு" என்று எழுதி ஒரு கடிதம் கடைக்கு வந்தது. "மகள், அமெரிக்காவுல இருந்து உங்களுக்குக் காயிதம்!" என்று முதலாளி காலி வீதிக்கே கேட்கும்படி சத்தம் போட்டார். எல்லோரும் சுற்றி நிற்க நான் வாசித்தேன்.

அதிகாரி எழுதியிருந்தார். போர்வையை அந்த அம்மாவின் மடியில் வைத்தாராம். அவர் கை மூலைக்குத்தான் முதலில் போகும் என்று இவர் நினைத்தது பிழை. அவர் நடுவில் இருந்து தடவத் தொடங்கினார். ஓட்டை இருந்த இடத்துக்கு வந்ததும் விரல் நின்றது. "இங்கே யார் இருந்தது?" என்று கேட்டாராம்.

அந்த வரியில் நான் வாசிப்பதை நிறுத்திவிட்டேன். முதலாளியின் பலகையை யாராவது வென்றார்கள் என்றால் அவர் ஒருவர்தான், அதுவும் கண் தெரியாமல். எனக்குத் துளியும் வருத்தமில்லை. ஒரு கெட்டிக்காரியின் கை என் கையைக் கண்டுபிடித்ததில் எனக்கு உடம்பெல்லாம் புல்லரித்தது.

"பிறகு? பிறகு?" என்று சோமா என் தோளை உலுக்கினாள்.

அதிகாரி கொழும்பில் நடந்த எல்லாவற்றையும் ஒளிக்காமல் சொன்னாராம், நான் கத்தரித்ததையும் சேர்த்து. அந்த அம்மா மூலையைத் தேடி எடுத்து, கோட்டின் மேல் விரலை ஓட்டினார். நடுவில் என் நூலில் நின்றார். அங்கும் இங்குமாகத் தடவினார். இவர் பயந்துபோய், வேண்டுமானால் அதை எடுத்துவிட்டு உங்கள் நூலிலேயே முழுசாகப் போடலாமே என்று கேட்டாராம்.

"வேண்டாம்" என்றாராம் அந்த அம்மா. "நடுவில் இருக்கிற வேலை சின்ன வேலை இல்லை. அவளும் அதற்குள் போயிருப்பாள். இந்த வழியால்தான் வெளியே வந்திருப்பாள். விடு."